கண் இருட்டியதை மறைக்காதீர்கள்: நாமக்கல் லாரித் தொழிலில் இருக்கும் உங்களுக்கு ஒரு திறந்த மடல்

நாமக்கல், வளையப்பட்டி, பரமத்திவேலூர், திருச்செங்கோடு, சங்ககிரி பக்கத்து லாரி ஓட்டுநர்களே, வண்டி வைத்திருக்கும் உரிமையாளர்களே, பாடி கட்டும் பட்டறைகளில் வேலை செய்கிறவர்களே,



உங்கள் மேல் எனக்கு ஒரு வருத்தம் இருக்கிறது. அதைச் சொல்லத்தான் எழுதுகிறேன். நான் டாக்டர் இல்லை. நாமக்கல்லில் இ.சி.ஜி. எடுக்கிற டெக்னீஷியன். நெஞ்சில் ஜெல் தடவி, ரப்பர் குமிழ் ஒட்டி, "அசையாம படுங்கண்ணா" என்று சொல்லிவிட்டுப் பேப்பர் வருவதைப் பார்த்துக்கொண்டு நிற்பதுதான் என் வேலை. கை மணிக்கட்டில் கிரீஸ் இருந்தால் கிளிப் சரியாகப் பிடிக்காது. துடைத்துவிட்டு மாட்ட வேண்டும். அதனால் வந்திருப்பவர் என்ன தொழில் என்று கேட்காமலே தெரிந்துவிடும்.

இத்தனை வருஷத்தில் நான் கவனித்தது இதுதான். மயக்கம் வந்ததைப் பற்றி என்னிடம் ஒன்று சொல்கிறீர்கள், ஓனரிடம் வேறொன்று சொல்கிறீர்கள், ஆர்.டி.ஓ. ஆபீஸ் படிவத்தில் மூன்றாவதாக ஒன்றை எழுதுகிறீர்கள். என்னிடம், "ரெண்டு நிமிசம் கண்ணு இருட்டிக்கிச்சுங் அம்மிணி, ஸ்டியரிங்ல தல சாஞ்சிருச்சு" என்கிறீர்கள். ஓனரிடம், "வயித்துப் பிரச்சினைங், ஒரு டிரிப் லீவு" என்கிறீர்கள். லைசென்ஸ் படிவத்தில் திடீர் மயக்கமோ தலைசுற்றலோ உண்டா என்று கேட்கும் இடத்தில் கண்ணை மூடிக்கொண்டு 'இல்லை'. பேப்பர் வெளியே வருவதற்குள் எழுந்து உட்கார்ந்து, "நார்மல்தானே? ஆபீஸ்ல கேட்டா நார்மல்னு சொல்லிரும்மா" என்று கெஞ்சியவர்களும் உண்டு.

ஏன் மறைக்கிறீர்கள் என்று எனக்குத் தெரியாமல் இல்லை. மயக்கம் வந்தது என்று வெளியே தெரிந்தால் மறுநாள் சாவி வேறொருவர் கைக்குப் போய்விடும். படியும் போச்சு, சம்பளமும் போச்சு. பெண்ணுக்கு ஃபீஸ், வீட்டுக் கடன், சீட்டுப் பணம் எல்லாம் நிற்கும். அதனால் காரணம் தேடிக்கொள்கிறீர்கள்: தூக்கம் இல்லை, காலையில் சாப்பிடவில்லை, கேபின் சூடு, பித்தம், சுகர் மாத்திரை. பல சமயம் அது உண்மையாகவும் இருக்கிறது. இரவெல்லாம் கண் விழித்து ஓட்டி, வெறும் டீயில் காலம் தள்ளும் உடம்புக்குத் தலை சுற்றத்தான் செய்யும். ஆனால் சிலருடைய பேப்பரில் வேறு கதை இருக்கும்.

அது எப்படி இருக்கும் என்று சொல்கிறேன். இ.சி.ஜி. பேப்பரில் சின்னக் கட்டமும் பெரிய கட்டமும் அச்சடித்திருக்கும். ஒரு பெரிய கட்டம் ஓட ஒரு விநாடியில் ஐந்தில் ஒரு பங்கு நேரம். நிமிடத்துக்கு 75 துடிக்கிற இதயத்தில் நாலு பெரிய கட்டத்துக்கு ஒரு கூரான பெரிய அலை விழும். நான் சொல்லும் அந்தச் சிலருக்கு ஒன்பது, பத்து கட்டம் தாண்டித்தான் அடுத்தது விழுகிறது. அதாவது நிமிடத்துக்கு 30, 33. நடுவிலே சின்னச் சின்ன மேடுகள் மட்டும் தம் பாட்டுக்கு ஒரு கணக்கில் போய்க்கொண்டிருக்கும். பெரிய அலைகளோ அதற்குச் சம்பந்தமே இல்லாமல் தனிக் கணக்கில் வரும். இதயத்தின் மேல் அறை ஒரு பக்கம், கீழ் அறை ஒரு பக்கம் என்று பேச்சுவார்த்தை அறுந்துபோன பேப்பர் அது. 'கம்ப்ளீட் ஹார்ட் பிளாக்' என்று டாக்டர் எழுதுவார். அந்த மனிதர் நடந்து வந்து, செருப்பை வெளியே விட்டுவிட்டு, என்னிடம் வண்டி எங்கே நிற்கிறது என்று சொல்லிக்கொண்டிருப்பார்.

'பிளாக்' என்றதும் நீங்கள் எல்லோரும் ரத்தக்குழாய் அடைப்பு என்று நினைத்துக்கொள்கிறீர்கள். அது வேறு, இது வேறு. உங்கள் பாஷையிலேயே சொல்வதானால், டீசல் லைன் அடைப்பதற்கும் வயரிங் அறுவதற்கும் உள்ள வித்தியாசம். ஹார்ட் அட்டாக் என்பது டீசல் லைன். அதற்குத்தான் ஸ்டென்ட், பைபாஸ். இந்த பிளாக் வயரிங் கோளாறு. அதற்குத்தான் பேஸ்மேக்கர் என்ற பேட்டரிப் பெட்டி. இதயத்தின் வலது மேல் அறையின் உச்சியில் ஒரு சின்னத் திசு இருக்கிறது. அதிலிருந்துதான் ஒவ்வொரு துடிப்புக்குமான மின்சாரம் கிளம்புகிறது. ஓய்வாக இருக்கும்போது நிமிடத்துக்கு 60லிருந்து 100 வரை. ஒரு நாளைக்குச் சுமார் ஒரு லட்சம் முறை. அந்த மின்சாரம் மேல் அறைகளைச் சுருக்கிவிட்டு, நடுவிலே ஒரு சந்திப்பில் நொடிநேரத்தில் ஒரு சின்னப் பங்கு தாமதித்து, அங்கிருந்து இரண்டு கிளையாகப் பிரிந்து கீழ் அறைகளுக்குப் போகும். கிளம்பும் இடம் சோர்ந்துபோனாலும் கோளாறு. சந்திப்பிலோ கிளையிலோ பாதை அறுந்தாலும் கோளாறு. பாதை முழுதாக அறுந்தாலும் கீழ் அறை உடனே நின்றுவிடாது. தானாகவே மெதுவாக, 30, 40 என்று துடித்துப் பார்க்கும். அந்தத் தற்காப்புத் துடிப்பும் நடுவிலே சில விநாடி நிற்கும் தருணத்தில்தான் உங்களுக்குக் கண் இருட்டுகிறது. மூளைக்கு ரத்தம் போகாமல் பத்து விநாடிக்குள் நினைவு தப்பிவிடும். மறுபடி துடிப்பு வந்ததும் முகம் சிவந்து, எழுந்து உட்கார்ந்து, "ஒண்ணுமில்லை, சரியாயிருச்சு" என்பீர்கள். உண்மையிலேயே அந்த நேரத்துக்குச் சரியாகித்தான் இருக்கும். அதுதான் இந்த நோயின் பொல்லாத்தனம். டப்ளினில் ராபர்ட் ஆடம்ஸ் 1827லும் வில்லியம் ஸ்டோக்ஸ் 1846லும் இதை எழுதி வைத்துவிட்டார்கள். அதனால் இன்றும் டாக்டர்கள் 'ஸ்டோக்ஸ் ஆடம்ஸ்' மயக்கம் என்கிறார்கள்.

இப்போது கணக்கைப் போடுங்கள். மணிக்கு 60 கிலோமீட்டர் வேகத்தில் போகும் வண்டி ஒரு விநாடியில் பதினாறு மீட்டருக்கு மேல் கடக்கும். பத்து விநாடி மயக்கம் என்றால் 160 மீட்டருக்கு மேல் ஓட்டுநர் இல்லாத வண்டி. பின்னால் இருப்பது முட்டை லோடாக இருக்கலாம், கோழித்தீவனமாக இருக்கலாம், 18 டன் கேஸாகவும் இருக்கலாம். தென்னிந்தியாவின் கேஸ் டேங்கர்களில் பெரும் பங்கு இந்த மாவட்டத்துக்காரர்களுடையது என்று பெருமையாகச் சொல்லிக்கொள்கிறோம். 2025 ஜனவரி 3ஆம் தேதி கோவை அவிநாசி சாலை மேம்பாலத்தில் கொச்சியிலிருந்து வந்த கேஸ் டேங்கர் கவிழ்ந்தபோது சுற்று வட்டாரப் பள்ளிக்கூடங்களுக்கே விடுமுறை விட்டார்கள். அதற்குக் காரணம் ஓட்டுநரின் மயக்கம் அல்ல, அதை நான் இதில் சேர்க்கவில்லை. கேஸ் வண்டி ஒன்று சாய்ந்தால் ஊர் எந்தப் பாடு படும் என்பதை நாம் எல்லோரும் பார்த்தோம், அவ்வளவுதான்.

ஓட்டுநர்களே, நீங்கள் மறைப்பது முழுக்க பயத்தினால். மயக்கம் பயம் ஒன்று, வேலை பயம் ஒன்று, மூன்றாவதாக பேஸ்மேக்கர் பெட்டி மேலேயே ஒரு பயம். "நெஞ்சுல பேட்டரி வெச்சுட்டா ஆளு முடிஞ்சான்" என்று டீக்கடையில் பேசுகிறீர்கள். இந்த மூன்றாவது பயத்தைக் கொஞ்சம் அவிழ்த்துவிடுகிறேன்.

இந்தப் பேட்டரி பிறந்த கதை உங்களுக்குப் பிடிக்கும் என்று நினைக்கிறேன், ஏனென்றால் அது ஒரு பட்டறையில் பிறந்தது. அமெரிக்காவின் மினியாபொலிஸில் ஏர்ல் பேக்கன் என்பவர் 1949இல் ஒரு கார் ஷெட்டில் ஆஸ்பத்திரிக் கருவிகளைப் பழுது பார்த்துக் கொடுக்கும் தொழிலைத் தொடங்கினார். அந்தக் காலத்தில் பேஸ்மேக்கர் என்பது சுவரில் பிளக் சொருகி ஓட வேண்டிய பெரிய பெட்டி. 1957 அக்டோபர் 31ஆம் தேதி அந்த ஊரில் கரண்ட் போனது. இதய ஆபரேஷன் செய்த குழந்தைகளைக் காப்பாற்றிக்கொண்டிருந்த டாக்டர் வால்டன் லில்லிஹை, பேட்டரியில் ஓடும்படி ஒன்றைச் செய்து தரச் சொன்னார். நாலே வாரத்தில் பேக்கன் செய்து கொடுத்தார். ஒரு எலெக்ட்ரானிக்ஸ் பத்திரிகையில் வந்திருந்த தாளக்கருவிச் சுற்றை எடுத்து, கையடக்கப் பெட்டிக்குள் வைத்து. கரண்ட் கட் நமக்குப் புதிதா என்ன!

உடம்புக்குள்ளேயே வைத்தது அடுத்த வருஷம். 1958 அக்டோபர் 8ஆம் தேதி, ஸ்வீடனில், ஆர்னே லார்சன் என்ற எஞ்சினியருக்கு. ஒரு நாளைக்கு இருபது, முப்பது முறை மயங்கி விழுந்துகொண்டிருந்தவர். அவர் மனைவி விடாமல் நச்சரித்ததால்தான் டாக்டர் ஆகே சென்னிங்கும் எஞ்சினியர் ரூனே எல்ம்க்விஸ்டும் அவசரமாக ஒன்றைச் செய்தார்கள். ஷூ பாலிஷ் டப்பாவை அச்சாக வைத்து அதில் பிசின் ஊற்றி வார்த்த பெட்டி. முதல் பெட்டி சில மணி நேரத்தில் நின்றுவிட்டது. மாற்றினார்கள்; பிறகும் மாற்றிக்கொண்டே வந்தார்கள், வாழ்நாளில் 26. அவர் இறந்தது 2001இல், 86 வயதில், தோல் புற்றுநோயில். அந்தப் பெட்டியைச் செய்தவரும் பொருத்திய டாக்டரும் அவருக்கு முன்பே போய்விட்டார்கள். "பேட்டரி வெச்சா ஆளு முடிஞ்சான்" என்கிறவர்களுக்கு இந்த ஒரு பெயர் போதும்.

இன்றைக்கு வைக்கிற பெட்டி டைட்டானியத்தில் செய்தது, எடை சுமார் 25 கிராம், உள்ளங்கைக்குள் அடங்கிவிடும். இடது காறை எலும்புக்குக் கீழே மரத்துப்போக ஊசி போட்டு, இரண்டு அங்குலம் கீறி, தோலுக்கு அடியில் வைப்பார்கள். பெட்டியிலிருந்து ஒன்றோ இரண்டோ வயர், ஒரு ரத்தநாளம் வழியாக இதயத்துக்குள் இறங்கி அதன் சுவரைப் பற்றிக்கொள்ளும். நெஞ்சைப் பிளப்பதில்லை. முழு மயக்கம் கொடுப்பதும் பெரும்பாலும் இல்லை. ஒரு மணி நேரத்தை ஒட்டி முடிந்துவிடும் வேலை. ஓரிரு நாளில் வீடு.

உள்ளே அது என்ன செய்கிறது? பெரும்பாலான நேரம் சும்மா இருந்து கேட்டுக்கொண்டிருக்கிறது. இதயம் தானாகத் துடித்தால் அது வாயைத் திறக்காது. குறிப்பிட்ட நேரத்துக்குள், 60 என்று வைத்திருந்தால் ஒரு விநாடிக்குள், துடிப்பு வரவில்லை என்றால் மட்டும் மிகச் சின்ன மின் தட்டு ஒன்றைக் கொடுக்கும். சில வோல்ட், ஒரு விநாடியில் ஆயிரத்தில் ஒரு பங்குக்கும் குறைவான நேரம். ஷாக் அடிக்காது, தெரியவே தெரியாது. இரண்டு வயர் உள்ளது மேல் அறையையும் கீழ் அறையையும் வரிசை மாறாமல் துடிக்க வைக்கும். லித்தியம் பேட்டரி பொதுவாக எட்டு முதல் பன்னிரண்டு வருஷம் வரும். திடீரென்று நிற்காது, மாதங்களுக்கு முன்பே செக்கப்பில் காட்டிக் கொடுத்துவிடும். அப்போது பெட்டியை மட்டும் மாற்றுவார்கள், வயர் நன்றாக இருந்தால் அப்படியே விட்டுவிடுவார்கள். வயரே இல்லாமல் கேப்சூல் மாத்திரை அளவில் இதயத்துக்குள்ளேயே வைக்கும் வகையும் இப்போது வந்திருக்கிறது, ஆனால் விலை அதிகம், எல்லோருக்கும் பொருந்தாது.

இன்னொரு பக்கமும் சொல்லியாக வேண்டும். நாடி மெதுவாக ஓடுகிற எல்லோருக்கும் பேட்டரி தேவையில்லை. மூட்டை தூக்கி உரமேறிய உடம்புக்கு 50 என்பது வியாதியே இல்லை. தூங்கும்போது 40க்கு இறங்குவதும் உண்டு. பிரஷருக்குச் சாப்பிடும் சில மாத்திரைகள் நாடியைக் குறைக்கும். மாத்திரையை மாற்றினால் ஏறிவிடும். தைராய்டு குறைந்தாலும், சிறுநீரகக் கோளாறில் ரத்தத்தில் பொட்டாசியம் ஏறினாலும் இப்படி ஆகும். ஹார்ட் அட்டாக் வந்த முதல் நாட்களில் பிளாக் வந்து தானே போய்விடுவதும் உண்டு. அதற்குத் தொடை வழியாகத் தற்காலிக வயர் வைத்துக் காத்திருப்பார்கள். வெயிலில் நெடுநேரம் நின்று, ரத்தத்தைப் பார்த்துப் பயந்து மயங்கி விழுகிறவர்களுக்கும் பெரும்பாலும் வேண்டாம். வேண்டியது யாருக்கு? மேல், கீழ் தொடர்பு முழுதாக அறுந்தவர்களுக்கு, அந்தப் பாதை எந்த நேரமும் அறுகிற நிலையில் இருப்பவர்களுக்கு, நாடி குறைவதாலேயே மயக்கமும் தள்ளாட்டமும் மூச்சு வாங்கலும் வருகிறது என்று பேப்பரில் நிரூபணம் ஆனவர்களுக்கு. தனியாரில் செலவு லட்சத்தைத் தொடும் காரியம் இது. "எந்தக் காரணத்துக்காக வைக்கிறீங்க, அந்தப் பேப்பரைக் காட்டுங்க" என்று கேட்பதில் தப்பே இல்லை. வேறொரு இதய டாக்டரிடம் அதே பேப்பரைக் காட்டுவதிலும் தப்பில்லை. நல்ல டாக்டர் யாரும் இதற்குக் கோபப்பட மாட்டார்.

இங்கே என் தொழிலின் குறையையும் நீங்கள் தெரிந்துகொள்ள வேண்டும். நான் எடுக்கிற இ.சி.ஜி.யில் பதிவாவது ஏறக்குறைய பத்து விநாடிதான். உங்கள் இதயம் அந்தப் பத்து விநாடியில் ஒழுங்காக நடந்துகொண்டால் பேப்பர் சுத்தமாக இருக்கும். போன வாரம் தொப்பூர் கணவாயில் கண் இருட்டியது அதில் இருக்காது. அதனால்தான் 24 மணி நேரம் நெஞ்சிலேயே ஒட்டிவிடும் ஹோல்டர் கருவி இருக்கிறது. அதைப் போடலாமா என்று டாக்டர் முடிவு செய்வது நீங்கள் சொல்லும் கதையை வைத்து. நீங்கள் "வயித்துப் பிரச்சினை" என்றால் அவர் வயிற்றுக்கு மாத்திரை எழுதுவார். மறைக்கிற ஒவ்வொரு வார்த்தையும் உங்களுக்கே எதிராகத் திரும்புகிறது.

உரிமையாளர்களே, இனி உங்களிடம்.

ஓட்டுநர் மறைக்கிறார் என்று நீங்கள் கோபப்படலாம். அவரை மறைக்க வைத்தது யார்? பேட்டரி வைத்துக்கொண்டு, காயம் ஆறி, டாக்டர் கொடுத்த கடிதத்தோடு வந்தவரை, "இனி உன்னை நம்பி வண்டி கொடுக்க முடியாதப்பா" என்று அனுப்பிய சம்பவம் எனக்குத் தெரியும். அவர் அதற்கு முன் ஒன்றரை வருஷம், மயக்கத்தை மறைத்துக்கொண்டு, அதே ஓனரின் வண்டியைத்தான் ஓட்டினார். அப்போது நம்பினீர்கள், ஆபத்து நீங்கிய பிறகு நம்ப மறுக்கிறீர்கள். கணக்கு தலைகீழாக இருக்கிறது. அந்தச் செய்தி லோடுக்குக் காத்திருக்கும் இடமெல்லாம் பரவி, இன்னும் எத்தனை பேரை வாயை மூட வைத்திருக்கும் என்று யோசித்துப் பாருங்கள்.

வெளிநாட்டில் என்ன செய்கிறார்கள் தெரியுமா? பிரிட்டனில் பேஸ்மேக்கர் வைத்தவர் ஒரு வாரத்தில் கார் ஓட்டலாம். லாரி, பஸ் ஓட்டுகிறவர் ஆறு வாரம் நிறுத்திவிட்டு, தடையாக வேறு நோய் எதுவும் இல்லை என்றால் மறுபடி ஓட்டலாம். விதிமுறையே அப்படித்தான். ஒரு விஷயத்தை மட்டும் குழப்பிக்கொள்ள வேண்டாம். தாறுமாறாகத் துடிக்கும் இதயத்துக்கு உள்ளிருந்தே பெரிய ஷாக் கொடுக்கும் ஐ.சி.டி. என்ற கருவி வேறு. அதை வைத்தவர்கள் அங்கே லாரி ஓட்டவே முடியாது. உங்கள் ஓட்டுநருக்கு வைத்திருப்பது எது என்று அவர் பையில் இருக்கும் கருவி அட்டையைப் பார்த்தாலே தெரியும், டாக்டரிடம் ஒரு வார்த்தை கேட்டாலும் தெரியும். அதைக் கேட்காமல் "பேட்டரி ஆள்" என்று முத்திரை குத்துவது அநியாயம்.

ஆறு வாரம் என்பதற்குக் காரணம் இருக்கிறது. புதிதாகப் பொருத்திய வயர் இதயச் சுவரில் நன்றாக ஊன்றிக்கொள்ள வேண்டும். அதுவரை இடது கையைத் தோளுக்கு மேல் தூக்கக் கூடாது, பளு இழுக்கக் கூடாது. லோடு மேல் ஏறித் தார்ப்பாய் விரிப்பது, கயிற்றைக் காலால் உதைத்து இறுக்குவது, டயர் கழற்றுவது இவையெல்லாம் அந்தக் காலத்தில் ஆகாது. அவரைப் புக்கிங் ஆபீஸில் உட்கார வையுங்கள், ஷெட்டில் கணக்குப் பார்க்கச் சொல்லுங்கள். அரைச் சம்பளமாவது கொடுங்கள். நம் ஊரில் ஓட்டுநர் சீட் வலப்பக்கம் என்பதால் சீட் பெல்ட் வலது தோள் வழியாக வருகிறது. இடது பக்கம் இருக்கும் பெட்டி மேல் அது படாது. ஆகவே அதைச் சாக்காக வைத்து ஓட்டுநர் யாரும் பெல்ட் போடாமல் இருக்க வேண்டாம்.

செலவைப் பற்றியும் பேசிவிடலாம். குடும்ப ஆண்டு வருமானம் 1,20,000 ரூபாய்க்குள் இருந்தால் முதலமைச்சரின் விரிவான மருத்துவக் காப்பீட்டு அட்டை கிடைக்கும். பேஸ்மேக்கர் அதில் வருகிறது. கிராம நிர்வாக அலுவலரிடம் வருமானச் சான்று, குடும்ப அட்டை, ஆதார் இவற்றோடு கலெக்டர் ஆபீஸில் இருக்கும் காப்பீட்டு மையத்துக்குப் போக வேண்டும். உங்களில் முக்கால்வாசிப் பேர் நோய் வந்த பிறகு, ஆளை வார்டில் போட்டுவிட்டு, அட்டைக்கு ஓடுகிறீர்கள். நன்றாக இருக்கும்போதே எடுத்து வையுங்கள். சேலம் அரசு மோகன் குமாரமங்கலம் மருத்துவக் கல்லூரி மருத்துவமனையில் இதயப் பிரிவு இருக்கிறது. நாமக்கல்லிலும் 2022 ஜனவரியிலிருந்து அரசு மருத்துவக் கல்லூரி வந்துவிட்டது, இ.சி.ஜி.க்கு யாரும் பைசா கொடுக்க வேண்டியதில்லை.

பட்டறைக்காரர்களே, உங்களை மறக்கவில்லை. நாமக்கல் பாடி என்றால் இந்தியா முழுக்கத் தனி மதிப்பு. அந்தப் பாடியைக் கட்டுகிற வெல்டருக்கு பேட்டரி வைத்தால் கதை கொஞ்சம் மாறும். ஆர்க் வெல்டிங்கில் ஓடும் கரண்ட்டைச் சுற்றி எழும் காந்தப்புலத்தைப் பெட்டி இதயத்தின் துடிப்பு என்று தவறாகக் கேட்டுவிடலாம்; துடிப்பு வந்துவிட்டது என்று நினைத்து அது சும்மா இருந்துவிட்டால் உங்களுக்கு மறுபடி கண் இருட்டும். அதனால் வைப்பதற்கு முன்பே டாக்டரிடம் "நான் வெல்டர்" என்று சொல்லுங்கள். கருவிக் கம்பெனிகள் பொதுவாகச் சொல்வது: 160 ஆம்பியருக்கு மேல் வேண்டாம், நெருப்பு விழும் இடம் நெஞ்சிலிருந்து இரண்டடி தள்ளி இருக்க வேண்டும், இரண்டு கேபிளையும் சேர்த்தே போட்டு உடம்பிலிருந்து விலக்கி வைக்க வேண்டும், எர்த் கிளாம்ப்பை வெல்டிங் நடக்கும் இடத்துக்குப் பக்கத்திலேயே மாட்ட வேண்டும், ஈரத்தில் நின்று செய்யக் கூடாது. கேபிளைத் தோளில் சுற்றிப் போட்டுக்கொண்டு சேஸ் மேல் ஏறுகிறீர்களே, அந்தப் பழக்கம் முதலில் போக வேண்டும். முடிந்தால் அந்த வெல்டரை ஃபிட்டிங் பக்கமோ பெயின்டிங் பக்கமோ மாற்றிவிடுவது நல்லது. பேட்டரி வைத்த மற்றவர்களுக்கும் இரண்டு வார்த்தை. ஓடுகிற இன்ஜினின் ஆல்டர்னேட்டர் மேல் நெஞ்சைச் சாய்க்காமல் ஓரடி தள்ளி நின்று பாருங்கள். செல்போனை இடது சட்டைப் பையில் வைக்காதீர்கள். கேபினில் பெரிய ஸ்பீக்கர் பெட்டிக்கு நெஞ்சை ஒட்டிப் படுக்காதீர்கள். திருச்செங்கோட்டு ரிக் வண்டிக்காரர்களுக்குத் தனியாக ஒன்று: சில பேஸ்மேக்கர்கள் உடம்பு அசைவதை உணர்ந்து, நீங்கள் நடக்கிறீர்கள் என்று நினைத்து, துடிப்பை ஏற்றிக் கொடுக்கும். போர் போடும் அதிர்வில் சும்மா நிற்கும்போதே படபடப்பு வந்தால் பயந்துவிடாதீர்கள், செக்கப்பில் சொல்லுங்கள். தோலை வெட்டாமல் வெளியிலிருந்தே அதைத் திருத்திவிடுவார்கள்.

இதையெல்லாம் படித்துவிட்டுப் பேசாமல் மடித்து வைத்துவிடாதீர்கள். கேட்க வந்ததைக் கேட்டுவிடுகிறேன்.

ஓட்டுநர்களே, காரணம் தெரியாமல் ஒரே ஒரு முறை கண் இருட்டியிருந்தாலும் அடுத்த டிரிப் ஏறாதீர்கள். உட்கார்ந்திருக்கும்போதோ ஓட்டிக்கொண்டிருக்கும்போதோ எந்த முன்னறிவிப்பும் இல்லாமல் வந்திருந்தால் அது சாதாரணத் தலைசுற்றல் அல்ல. கிளீனர் பையன் பார்த்திருந்தால் அவனையும் கூட்டிக்கொண்டு வாருங்கள். எத்தனை நேரம் நினைவில்லாமல் இருந்தீர்கள் என்று அவனுக்குத்தான் தெரியும். மணிக்கட்டில் இரண்டு விரல் வைத்து ஒரு நிமிடம் முழுதாக எண்ணப் பழகுங்கள். விழித்திருக்கும்போது 40க்குக் கீழே வந்தால் அன்றைக்கே ஆஸ்பத்திரி. மயக்கமும் சேர்ந்து இருந்தால் நீங்களே வண்டி ஓட்டி வர வேண்டாம், 108ஐக் கூப்பிடுங்கள்.

லைசென்ஸ் புதுப்பிக்கும்போது ஆளையே பார்க்காமல் மருத்துவச் சான்றில் கையெழுத்து வாங்கித் தருகிற இடங்களுக்குப் போகாதீர்கள். கட்டாயமாக வாங்கும் அந்தச் சான்று உங்களைக் காப்பாற்றக் கிடைக்கும் ஒரே சந்தர்ப்பம். அதையும் காசு கொடுத்து வீணடிக்கிறீர்கள்.

உரிமையாளர்களே, சங்கத்துப் பொறுப்பாளர்களே, உங்களிடம் கேட்பது இரண்டு. பேஸ்மேக்கர் வைத்து, இதய டாக்டர் எழுத்தில் அனுமதி கொடுத்த ஓட்டுநரை வேலையிலிருந்து நீக்க மாட்டோம் என்று சங்கக் கூட்டத்தில் தீர்மானம் போட்டு, ஒவ்வொரு புக்கிங் ஆபீஸ் சுவரிலும் ஒட்டுங்கள். அது ஒட்டப்பட்ட நாளிலிருந்து உண்மை பேசுகிறவர்கள் கூடுவார்கள். இரண்டாவது, வண்டி எஃப்.சி.க்காகப் பட்டறையில் நிற்கும் நாட்களில் ஓட்டுநர் எப்படியும் சும்மாதான் இருக்கிறார். வண்டியின் பிரேக்கையும் விளக்கையும் சோதிக்கும் அந்த வாரத்தில் அவரையும் ஒரு இ.சி.ஜி.க்கு அனுப்புங்கள். அனுப்பும் முன் தனியாக உட்கார வைத்து, ஆபீஸில் நாலு பேர் எதிரில் அல்ல, "எப்பவாவது கண்ணு இருட்டிக்கிட்டு வந்துச்சாப்பா? வேலை போகாது, சொல்லு" என்று கேளுங்கள். இந்த ஆயுத பூஜைக்குள் உங்கள் ஷெட்டில் ஒருவரையாவது கேட்டுவிடுங்கள்.

இப்படிக்கு,
உங்களுக்கு இ.சி.ஜி. எடுக்கும் தங்கை,
நாமக்கல்